கப்பலில் வராத பேரரசு

(முசஃபாவில் நடந்த இலக்கியச் சந்திப்பில் ஆற்றி, நேரலையில் ஒளிபரப்பான உரையின் எழுத்து வடிவம்)

பகல் ஷிப்ட் முடித்துக் குளித்ததும் குளிக்காததுமாக வந்திருக்கும் நண்பர்களுக்கு நன்றி. டொரண்டோவில் காலைக் காபியோடும் சிங்கப்பூரில் தூக்கக் கலக்கத்தோடும் நேரலையில் பார்த்துக்கொண்டிருப்பவர்களுக்கும் நன்றி. எனக்குக் கொடுக்கப்பட்ட தலைப்பு டால்ஸ்டாயின் ‘ஹாஜி முராத்’. அதைப் பற்றித்தான் பேசப்போகிறேன். ஆனால் ஒரு ஆட்டுக் கணக்கிலிருந்து தொடங்க அனுமதி வேண்டும்.

நான் வேலை பார்க்கும் யார்டில் கிர்கிஸ்தான்காரர் ஒருவர் வெல்டிங் இன்ஸ்பெக்டராக இருக்கிறார். போன ரமலானில் போர்ட்டா கேபினில் நான் குர்ஆன் ஓதிக்கொண்டிருந்ததைப் பார்த்திருக்கிறார். மறுநாள் தயங்கித் தயங்கி வந்து மொபைலில் ஒரு படத்தைக் காட்டினார். பழுப்பேறிய ஒற்றைத் தாள், அதில் அரபு எழுத்து. அவருடைய பாட்டனாரின் தகப்பனார் எழுதியதாம். 1937-ல் வீட்டுச் சுவருக்குள் வைத்துப் பூசிவிட்டார்கள். பழைய வீட்டை இடித்தபோது கிடைத்திருக்கிறது. “பிரதர், இதைப் படிக்க முடியுமா?” என்றார்.

“எழுத்து தெரியும், உங்கள் மொழி தெரியாதே” என்றேன்.

“நீங்கள் சத்தமாகப் படியுங்கள். மொழி எனக்குத் தெரியும்.”

எழுத்துக் கூட்டினேன். காஃப், வாவ், யே. ‘கவ்ய்’ என்றேன், ‘கூய்’ என்றேன். அவர் எழுந்தே விட்டார். “கோய்! கோய்!” அப்படியென்றால் செம்மறி ஆடு. அடுத்தது அலிஃப், தே. ‘ஆத்’ என்றேன். அது குதிரை. எண்கள் மட்டும் எனக்கே தெரியும், திர்ஹம் நோட்டில் தினமும் பார்ப்பதுதானே. முக்கால் மணி நேரம் மல்லுக்கட்டியதில் தெரியவந்தது இவ்வளவுதான்: இன்னாரிடம் இத்தனை ஆடு, இன்னார் ஒரு குதிரை திருப்பித் தரவேண்டும். ஒரு கடன் கணக்கு. சாமானிய மனிதர் ஒருவரின் கடன் கணக்கைச் சுவருக்குள் ஒளித்து வைக்க வேண்டியிருந்திருக்கிறது. படிக்கத் தெரிந்த எனக்குப் புரியவில்லை. புரியக்கூடிய அவருக்குப் படிக்கத் தெரியவில்லை. அவர் படித்தவர், இரண்டு பட்டம் வாங்கியவர்.

இது எப்படி நடந்தது என்று தேடிப்போனபோதுதான் ‘ஹாஜி முராத்’தை மறுபடி எடுத்தேன்.

நம் தலைமுறைத் தமிழ் வாசகர்களுக்கு ரஷ்யா என்றால் புத்தக வாசனை. நியூ செஞ்சுரியின் வேன் ஊருக்கு வரும். மாஸ்கோவில் அச்சான கெட்டி அட்டைப் புத்தகம், பஸ் டிக்கெட் விலையில் கிடைக்கும். முன்னேற்றப் பதிப்பகம், ராதுகா பதிப்பகம் என்ற பெயர்களைச் சொந்தக்காரர் பெயர் மாதிரி சொல்வோம். சிங்கிஸ் ஐத்மாத்தவின் ‘ஜமீலா’வை அப்படித்தான் படித்தோம். ஜமீலா, தானியார் என்று பெயர்கள். எங்கள் தெருவில் மூன்று ஜமீலாக்கள் இருந்தார்கள். ஆனாலும் இந்த முஸ்லிம்கள் எப்படி ரஷ்யாவுக்குள் வந்தார்கள் என்ற கேள்வி அந்த வயதில் எனக்கு எழவே இல்லை. உங்களில் யாருக்காவது எழுந்ததா?

எழாததற்கு என் காரணம் ஒன்று உண்டு. நமக்குப் பேரரசு என்றால் கப்பலில் வரவேண்டும். போர்ச்சுகீசியன் வந்தான், டச்சுக்காரன் வந்தான், வெள்ளைக்காரன் வந்தான், எல்லாம் கடல்வழி. இந்தக் கரைக்கும் அப்படியே. 1819-ல் பம்பாயிலிருந்து வந்த படை ராஸ் அல் கைமாவை அடித்தது. 1820-ல் ஷேக்குகள் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டார்கள். கடலைத் தாண்டி வந்தவன் அந்நியன் என்று சட்டென்று தெரிந்துவிடுகிறது. குதிரையில், பக்கத்து நிலத்திலிருந்து, ஒவ்வொரு கோட்டையாகக் கட்டிக்கொண்டு வருகிறவனை வரைபடம் காட்டிக்கொடுப்பதில்லை. எல்லாம் ஒரே நிறத்தில் ஒரே நாடாகத் தெரியும். போதாததற்கு, ரஷ்யா நம் எதிரிக்குப் போட்டியாளன். ஜார் விழுந்தபோது பாரதி பாடினார். அந்த ஜாருக்குக் கீழே இருந்தவர்களில் பாதிப்பேர் ரஷ்யர்களே அல்ல என்பது நம் பாடப்புத்தகத்தில் கிடையாது.

கதை 1552-ல் தொடங்குகிறது. இவான் மன்னர் வோல்கா நதிக்கரையில் தாத்தாரியர்களின் கஸானைப் பிடித்தார். மாஸ்கோ என்றதும் கண்ணில் வரும் வெங்காயக் கோபுரத் தேவாலயம் இருக்கிறதே, அது அந்த வெற்றிக்குக் கட்டியது. நம் சோவியத் காலண்டர்களில் எத்தனை வருடம் அதை மாட்டி வைத்திருந்தோம்! 1783-ல் கிரிமியா போனது. அதன் பிறகு கேத்தரின் மகாராணி ஒரு காரியம் செய்தார், வாளைவிடக் கூர்மையான காரியம். 1788-ல் ஊஃபாவில் முஸ்லிம்களுக்கென்று அரசாங்க மார்க்க சபை ஒன்றை ஏற்படுத்தி, அதற்கு ஒரு முஃப்தியை நியமித்து, முல்லாக்களுக்கு உரிமம் கொடுக்கும் வேலையை ஒப்படைத்தார். மதத்தை அழிக்கவில்லை, அலுவலகமாக்கினார். இதையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் பேரரசு என்றாலே இடித்துத் தள்ளுவது மட்டும் என்று நினைத்தால் பாதிதான் புரியும்.

காக்கசஸ் மலையில் இந்த வித்தை பலிக்கவில்லை. அங்கே 1817-லிருந்து 1864 வரை போர். இமாம் ஷாமில் தாகெஸ்தானிலும் செச்னியாவிலும் கால் நூற்றாண்டு எதிர்த்து நின்று 1859-ல் சரணடைந்தார். அவருடைய தளபதிகளில் ஒருவர்தான் ஹாஜி முராத். ஷாமிலோடு பகைத்துக்கொண்டு 1851-ல் ரஷ்யர்களிடம் போய்ச் சேர்ந்தார். குடும்பம் ஷாமிலின் கையில். அவர்களை மீட்க ரஷ்யர்கள் உதவவில்லை. தப்பி ஓடியபோது 1852-ல் கொல்லப்பட்டார். தலையை வெட்டிப் பீட்டர்ஸ்பர்க்குக்கு அனுப்பினார்கள். அந்த மண்டை ஓடு அங்கே ஒரு அருங்காட்சியகப் பொருளானது. உடல் ஓரிடம், தலை ஓரிடம்.

அப்போது டால்ஸ்டாய் அதே காக்கசஸில் இருந்தார். வயது 23. ஹாஜி முராத் சரணடைந்ததை இழிவான செயல் என்று அண்ணனுக்குக் கடிதம் எழுதினார். பிறகு படையில் சேர்ந்து அந்தப் போரில் தானே பங்கெடுத்தார். எழுபதை நெருங்கும்போது, 1896-ல், இந்தக் கதையை எழுத உட்கார்ந்தார். 1904 வரை திரும்பத் திரும்ப எழுதினார், உயிரோடிருக்கும்வரை வெளியிடவில்லை. 1912-ல் ரஷ்யாவில் வந்தபோதும் தணிக்கையில் வெட்டுப்பட்டுத்தான் வந்தது. மகான் எழுதினார் என்பதைவிட, குற்றவாளிகளில் ஒருவர் எழுதினார் என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

அதில் அடுத்தடுத்து இரண்டு அத்தியாயங்கள். முதலாவதில் பட்லர் என்ற இளம் அதிகாரி ஒரு மலைக் கிராமத்தைத் தாக்கப் போகிறான். காலைக் குளிர், பாட்டு, உற்சாகம். அவனுக்கு அது ஒரு பிக்னிக். படிக்கும் நமக்கும் கொஞ்சம் உற்சாகம் வந்துவிடும், அதுதான் டால்ஸ்டாய் வைக்கும் பொறி. அடுத்த அத்தியாயம் மூன்று பக்கம்கூட இருக்காது. ஊர்க்காரர்கள் திரும்பி வருகிறார்கள். சாதோ என்பவரின் பையன் முதுகில் துப்பாக்கி முனைக் கத்தி பாய்ந்து பிணமாகக் கொண்டுவரப்படுகிறான். கதை தொடங்கும்போது ஹாஜி முராத்துக்கு அடைக்கலம் கொடுத்த வீடு அது, அவரையே கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்த பையன் அவன். தேன்கூடுகளை எரித்திருக்கிறார்கள், ஆப்ரிகாட் மரங்களை ஒடித்திருக்கிறார்கள், குடிக்கிற ஊற்றையும் பள்ளிவாசலையும் அசிங்கப்படுத்தியிருக்கிறார்கள். வெறுப்பு என்று யாரும் பேசவில்லை, அவர்கள் உணர்ந்தது வெறுப்பைவிடப் பெரியது என்கிறார் டால்ஸ்டாய். சாமியாடாமல், கொட்டை எழுத்தில் கத்தாமல் எழுதியிருக்கிறார். நம்மூர் எழுத்தாளர்கள் சிலருக்கு இந்த மூன்று பக்கத்தைப் பாடமாக வைக்கலாம்.

அந்தப் போர் முடிந்த கையோடு மத்திய ஆசியா. 1865-ல் தாஷ்கண்ட், 1868-ல் சமர்கண்ட், 1873-ல் கீவா, 1876-ல் கோகண்ட். அமெரிக்க உள்நாட்டுப் போரில் பருத்தி வரத்து நின்று ரஷ்ய ஆலைகள் தவித்த காலம் அது. எங்கள் திருநெல்வேலிச் சீமையில் கரிசல் பருத்திக்கு விலை எகிறியதும் அதே போரால்தான். பிற்பாடு ஃபெர்கானா பள்ளத்தாக்கில் அமெரிக்கப் பருத்தி விதையை இறக்கி, கோதுமை விளைந்த இடத்தையெல்லாம் பருத்தியாக்கினார்கள். அந்தப் பருத்திக்குத் தண்ணீர் திருப்பித் திருப்பி, சோவியத் காலத்தில் ஆரல் கடலே வற்றியது.

1888-ல் ரயில் சமர்கண்ட் வரை போய்விட்டது. அந்த ரயிலில் அதே வருடம் ஓர் இளம் ஆங்கிலேயர் போனார், மறுவருடம் அதைப் பற்றிப் புத்தகமும் எழுதினார். அவர் பெயர் கர்சன். பிறகு நம் வைஸ்ராய் ஆனவர். 1903 நவம்பரில் அவர் ஷார்ஜாவுக்கு எதிரே கடலில் கப்பலை நிறுத்தி, இந்தக் கரையின் ஷேக்குகளை மேலே வரவழைத்துத் தர்பார் நடத்தினார். இந்த வளைகுடாவுக்குள் ரஷ்யாவோ வேறு வல்லரசோ நுழைந்துவிடக் கூடாது என்ற கவலை. இங்கிருந்து காரில் போய்விடக்கூடிய தூரத்தில் இருக்கும் கடலில், சமர்கண்டின் நிழல் விழுந்த நாள் அது.

இனி அந்தத் தாளுக்கு வருகிறேன். 1916 ஜூனில் ஜார் ஆணை போட்டார்: மத்திய ஆசிய ஆண்கள், 19 முதல் 43 வயதுவரை, போர்முனைக்குப் பின்னால் கூலிவேலைக்கு வரவேண்டும். நிலத்தை ஏற்கெனவே ரஷ்யக் குடியேறிகளுக்குக் கொடுத்தாயிற்று, இப்போது ஆளும் கேட்டார்கள். கலகம் வெடித்தது. ராணுவம் துரத்த, கிர்கிஸ் மக்கள் தியான்ஷான் கணவாய்கள் வழியாகச் சீனாவுக்கு ஓடினார்கள். பனியில் பல்லாயிரக்கணக்கானோர் மடிந்தார்கள். ‘ஊர்குன்’ என்கிறார்கள். என் நண்பர் அந்தச் சொல்லைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்தினார்.

புரட்சி வந்தது. 1917-லேயே லெனின் அரசு முஸ்லிம் உழைப்பாளிகளுக்கு அறிக்கை விட்டது, உங்கள் மார்க்கமும் பண்பாடும் இனிச் சுதந்திரம் என்று. சில வருடம் அப்படித் தோன்றவும் செய்தது. பள்ளிகள் வந்தன, பெண்கள் படித்தார்கள், இது பொய்யில்லை. பிறகு எழுத்தில் கை வைத்தார்கள். 1926-ல் பாகூவில் மாநாடு கூடி துருக்கி இன மொழிகளுக்கு லத்தீன் எழுத்து என்றார்கள். 1920-களின் இறுதிக்குள் அரபு எழுத்து போனது. பத்துப் பன்னிரண்டு வருடம்தான். 1940-ஐ ஒட்டி லத்தீனும் போய் ரஷ்ய எழுத்து வந்தது. தாத்தாவுக்கு ஓர் எழுத்து, அப்பாவுக்கு ஓர் எழுத்து, பிள்ளைக்கு ஓர் எழுத்து. நடுவில் 1937-38. அரபு எழுத்தில் தாள் வைத்திருப்பவன் முல்லாவாகலாம், தேசியவாதியாகலாம், உளவாளியாகலாம். உஸ்பெக் மொழியின் முதல் நாவலாசிரியர் அப்துல்லா காதிரி, கவிஞர் சோல்பான், அறிஞர் ஃபித்ரத் ஆகியோர் 1938 அக்டோபர் 4-ல் தாஷ்கண்டில் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். ஆட்டுக் கணக்கு ஏன் சுவருக்குள் போனது என்று இப்போது தெரிகிறதா?

ஐத்மாத்தவ் 1928-ல் பிறந்தவர். அவருடைய தந்தை தொரெகுல் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர்களில் ஒருவர். 1937-ல் கைதானார், 1938-ல் சுடப்பட்டார். எங்கே புதைத்தார்கள் என்று குடும்பத்துக்குத் தெரியாது. ‘ஜமீலா’வை நாம் கிளுகிளுப்பாகப் படித்துக்கொண்டிருந்தபோது, அதை எழுதியவர் அப்பாவின் சமாதி தெரியாத மகன். 1980-ல் எழுதிய பெரிய நாவலில் மான்குர்த் என்ற கதையை வைத்தார். கைதியின் தலையில் ஈர ஒட்டகத் தோலை இறுக்கி வெயிலில் விடுவார்கள். தோல் சுருங்கச் சுருங்க நினைவு அழியும். தேடிவந்த தாயையே அவன் அம்பெய்து கொல்கிறான். சோவியத் தணிக்கையின் மூக்குக்குக் கீழே இதை அவர் எழுதினார். 1991-ல் பிஷ்கேக் அருகே சோங்-தாஷில் ஒரு குழி தோண்டப்பட்டது. காவலாளி ஒருவர் சாகும்போது மகளிடம் சொல்லிவைத்த ரகசியம் அது. 137 உடல்கள் கிடைத்தன, அதில் தொரெகுலும் ஒருவர். அந்த இடத்துக்கு அதா-பெய்த், தந்தையரின் சமாதி, என்று பெயர் வைத்தவர் ஐத்மாத்தவ். 2008-ல் அவரையும் அங்கேயே அடக்கம் செய்தார்கள்.

இதையெல்லாம் படித்துவிட்டுக் கொதிப்போடு நண்பரிடம் போனேன். அவர் கொதிக்கவில்லை. “ரஷ்ய மொழி இல்லையென்றால் நான் இன்ஜினியர் இல்லை, பிரதர். என் பிள்ளைகளும் ரஷ்யப் பள்ளியில்தான் படிக்கிறார்கள்” என்றார். பிறகு, “உங்கள் பிள்ளைகள்?” என்று கேட்டார். என் மகள் இங்கே ஆங்கிலப் பள்ளியில் மூன்றாம் வகுப்பு. நான் டீ வாங்கப் போய்விட்டேன்.

ஊருக்குப் போன லீவில் காயல்பட்டினத்தில் எங்கள் வாப்பும்மாவின் மரப்பெட்டியைத் திறந்தேன். அதில் அரபுத்தமிழ் நோட்டு ஒன்று. உங்களில் சிலருக்குத் தெரியும், அரபு எழுத்தில் எழுதும் தமிழ் அது. கீழக்கரையிலும் காயலிலும் இலங்கையிலும் பெண்கள் உட்பட எழுதிப் படித்தது. அரபியில் இல்லாத ட, ண, ள, ழ போன்றவற்றுக்கு மேலும் கீழும் புள்ளி சேர்த்துக்கொள்வார்கள். இதை விடச் சொல்லி எந்த ஜாரும் ஆணை போடவில்லை, யாரையும் சுடவில்லை. ஆகவே இரண்டையும் ஒன்றென்று சொல்ல மாட்டேன், சொன்னால் சோங்-தாஷில் கிடந்தவர்களுக்குச் செய்யும் அவமரியாதை. பள்ளிக்கூடத்தில் தமிழ் எழுத்து வந்தது, நல்லது, இதை நாமே கைவிட்டோம்.

மூன்று நாள் உட்கார்ந்து எழுத்துக் கூட்டினேன். பேறுகால மருந்துக் குறிப்பு. சுக்கு வந்தது, திப்பிலி வந்தது, பனங்கருப்பட்டி வந்தது. நாலாவது சாமான் ஒன்று இருக்கிறது. முதலெழுத்துக்குக் கீழே புள்ளி, அது மையா பூச்சி அரித்ததா தெரியவில்லை. ‘வசம்பு’ என்றும் படிக்கலாம், வேறாகவும் படிக்கலாம். உம்மாவுக்கும் தெரியவில்லை. அந்தப் பக்கத்தின் படத்தை இப்போது திரையில் போடச் சொல்லியிருக்கிறேன். நேரலையில் பார்ப்பவர்கள் வீட்டில் இந்த எழுத்து படிக்கத் தெரிந்த பெரியவர்கள் யாராவது இருந்தால், தயவுசெய்து கொஞ்சம் கூப்பிட்டுக் காட்டுங்கள். நான் காத்திருக்கிறேன்.