சொல்லாமல் விட்ட ஒரு சொல்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



"நம்பிக்கையும் விடாமுயற்சியும் பற்றிப் பத்து நிமிஷம் பேசுங்க" என்று செயலாளர் கேட்டபோது, "என்னை விட்டுருங்கப்பா, நான் பேச்சாளன் இல்லை" என்றுதான் முதலில் சொன்னேன். அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. நாம் 1974-இல் இந்தக் கல்லூரியை விட்டு வெளியேறி ஐம்பது ஆண்டுகள் நிறைந்துவிட்டன. இன்னும் எத்தனை சந்திப்புக்கு நாம் எல்லோரும் இருக்கப் போகிறோம்? சொல்ல வேண்டியதை இப்போதே சொல்லிவிடலாம் என்று மறுநாள் காலையில் நானே அவரைக் கூப்பிட்டு ஒப்புக்கொண்டேன்.

வேதியியல் வகுப்பில் எனக்கு நீங்கள் வைத்த பட்டப்பெயர் 'முழுக்கை'. சித்திரை வெயிலிலும் முழுக்கைச் சட்டையை மடித்துவிடாமல் வருவேன். ஏன் என்று கேட்டால் சிரித்து மழுப்புவேன். காரணத்தை இன்றைக்குச் சொல்கிறேன்.

1972, கார்த்திகை மாதம். செக்காலையில் மூன்று பேர் சேர்ந்து ஒரு அறை எடுத்திருந்தோம். மழை நாள். மண்ணெண்ணெய் ஸ்டவ்வில் போட்ட டீயை ஊற்றும்போது தம்ளர் தவறி, கொதிக்கக் கொதிக்க என் இடது கையில் கொட்டியது. பக்கத்தில் இருந்தவன் "டேய், கையைப் பாருடா!" என்று அலறினான். எனக்கு ஒன்றுமே தெரியவில்லை. தோல் சிவந்து கொப்பளிக்கிறது, ஆனால் சுடவில்லை. "டீ ஆறிப்போச்சுடா" என்று பொய் சொன்னேன். அந்த இடத்தில் எட்டணாக் காசு அகலத்துக்கு ஒரு வெளிறிய தேமல் ஒரு வருஷமாகவே இருந்தது.

டாக்டர் ஒரு குண்டூசியால் தொட்டுப் பார்த்தார். பிறகு அந்தச் சொல்லைச் சொன்னார். தொழுநோய்.

டி.டி.எஸ். மாத்திரை, தினம் ஒன்று, வருஷக்கணக்கில் சாப்பிட வேண்டும் என்றார்கள். சில வாரத்தில் நாங்கள் குடியிருந்த வீட்டுக்காரர் மாத்திரைப் பொட்டலத்தைப் பார்த்துவிட்டார். மறுநாளே என் தகரப்பெட்டி திண்ணைக்கு வந்துவிட்டது. "அப்பாவுக்கு உடம்பு சரியில்லை, இனிமேல் கல்லலில் இருந்து ரயிலில் வந்து போகப் போகிறேன்" என்று உங்களிடம் சொன்னேனே, அது பொய். அப்பா திடமாகத்தான் இருந்தார்.

என் தாயார் குன்றக்குடி முருகனுக்கு நேர்ந்துகொண்டார். தினமும் காலையில் திருநீறு பூசிவிட்டு, உள்ளங்கையில் மாத்திரையை வைப்பார். ஒருநாள் நான் வெறுத்துப்போய், "இதெல்லாம் எதுக்கும்மா, விட்டுரு" என்று கத்தினேன். அவர் கோபப்படவில்லை. "முருகன் பாத்துக்குவான்யா. ஆனா மாத்திரையை நீதான் முழுங்கணும்" என்றார். நம்பிக்கை என்றால் என்ன, விடாமுயற்சி என்றால் என்ன என்று எனக்குத் தெரிந்ததெல்லாம் அந்த ஒரு வாக்கியந்தான். எனக்குச் சாப்பாடு போட்ட தட்டிலேயே அவரும் சாப்பிடுவார். அதற்கு அவர் எந்தப் புத்தகமும் படிக்கவில்லை.

மாத்திரை வாங்கப் போகும் இடத்தில் வயதான ஊழியர் ஒருவர் இருந்தார். ஒருநாள் கேட்டார்: "தம்பி, எந்தக் காலேஜு?" சொன்னேன். அவர் குரலைத் தாழ்த்தி, "உங்க காலேஜைக் கட்டினவருக்கும் இதே வியாதிதான்யா. அவரு வாலிப வயசுல இந்த மாத்திரையே கிடையாது. உனக்கு இருக்குல்ல? படி" என்றார்.

திரும்பும்போது ரயிலில் எனக்கு உட்கார முடியவில்லை. வாசற்படியில் நின்றுகொண்டே வந்தேன்.

நம் வள்ளல் அழகப்பரைப் பற்றி உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. 1909-இல் கோட்டையூரில் பிறந்தவர். மாநிலக் கல்லூரியில் ஆங்கிலம் படித்து எம்.ஏ. ஆனவர், லண்டனில் பாரிஸ்டரானவர், கிராய்டனில் விமானம் ஓட்டக் கற்றவர், சொந்தமாக விமானக் கம்பெனி நடத்தியவர். 1943-இல் திருவிதாங்கூர் பல்கலைக்கழகத்தில் தமிழ்த்துறைக்கு ஒரு லட்சம் ரூபாய் கொடுத்தார். கிண்டியில் தொழில்நுட்பக் கல்லூரிக்கு 5 லட்சம் கொடுத்தார். துணைவேந்தர் இலட்சுமணசாமி முதலியார் கல்லூரிகள் தொடங்கச் செல்வந்தர்கள் முன்வர வேண்டும் என்று கேட்டதும், எழுந்து நின்று காரைக்குடியில் ஒன்றைத் தொடங்குகிறேன் என்றார். 1947 ஆகஸ்டில், சுதந்திரத்துக்குச் சில நாள் முன்னால், காந்தி மாளிகையில் நம் கல்லூரி பிறந்தது. மத்திய மின்வேதியியல் ஆய்வகத்துக்கு 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்து, அதை இந்தப் பொட்டல் பூமிக்குக் கொண்டுவந்தார். 1948-இல் நேரு அடிக்கல் நாட்டினார், 1953-இல் டாக்டர் இராதாகிருஷ்ணன் திறந்துவைத்தார். 1956-இல் பத்மபூஷண். 1957 ஏப்ரல் 5, நாற்பத்தெட்டு வயது முடிய ஒருநாள் இருக்கும்போது மறைந்தார்.

இத்தனையும் நம் விழாக்களில் வருஷந்தோறும் கேட்டோம். நானும் கடைசி வரிசையில் உட்கார்ந்து, இந்த வருஷமாவது அந்தச் சொல்லைச் சொல்வார்களா என்று காத்திருந்தேன். 'உடல்நலம் குன்றி' என்பார்கள். அதோடு நிறுத்திவிடுவார்கள். மரியாதைக்காகத்தான் மறைத்தார்கள், எனக்குத் தெரியும். ஆனால் தோழர்களே, அந்த மரியாதை என்னைப் போன்றவனுக்கு என்ன சொன்னது தெரியுமா? இவ்வளவு பெரிய மனிதருக்கு வந்தாலும் இது வாய்விட்டுச் சொல்லக் கூடாத வியாதி என்று சொன்னது.

நான் பயந்தேன். சிக்ரியில் ஆராய்ச்சியாளராக வேண்டும் என்பது என் கனவு. கல்லூரிக்கு வரும்போதெல்லாம் அந்தக் கட்டடத்தைப் பார்த்துவிட்டு வருவேன். மேற்படிப்புக்கு விண்ணப்பம் வாங்கி, பூர்த்தி செய்து, மருத்துவச் சோதனை வைத்தால் என்னாகும் என்று நினைத்துக் கிழித்துப் போட்டேன். யாரும் என்னை வேண்டாமென்று சொல்லவில்லை. நானே சொல்லிக்கொண்டேன். என் கனவைக் கொன்றது கிருமி இல்லை, சட்டைக் கைதான்.

ஐந்து வருஷம் மாத்திரை சாப்பிட்டேன். குணமாகிவிட்டது. பி.எட். படித்து ஆசிரியரானேன். வேலை பார்த்துக்கொண்டே அஞ்சல் வழியில் எம்.எஸ்ஸி. முடித்தேன். இருபத்தேழு வருஷம் பிள்ளைகளுக்கு வேதியியல் சொல்லிக் கொடுத்தேன். வாழ்க்கை என்னை ஏமாற்றவில்லை.

1996-இல் என் வகுப்பில் ஒரு பையன், ஒன்பதாவது படிக்கிறவன், எந்நேரமும் சட்டைக் கையை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தான். எனக்குப் புரிந்துவிட்டது. ஆய்வுக்கூடத்துக்குத் தனியாகக் கூப்பிட்டு, முதலில் என் சட்டையை மடித்து என் தழும்பைக் காட்டினேன். பிறகுதான் அவன் தன் கையைக் காட்டினான். அதற்குள் கூட்டு மருந்து வந்திருந்தது. ஆறே மாதத்தில் குணமானான். இப்போது எங்கே, என்ன வேலையில் இருக்கிறான் என்று சொல்ல மாட்டேன். அவனுக்குச் சொல்லத் தோன்றும் நாளில் அவனே சொல்லட்டும்.

வேதியியல் வாத்தியார் என்பதால் கொஞ்சம் பாடமும் சொல்லிவிடுகிறேன். இது சாபமில்லை, பரம்பரை வியாதியுமில்லை. ஒரு கிருமி, 1873-லேயே ஹான்சன் என்ற நார்வே டாக்டர் கண்டுபிடித்துவிட்டார். பெரும்பாலோர் உடம்பு அதை இயற்கையாகவே எதிர்த்துவிடும். கூட்டு மருந்தை ஆறு மாதமோ ஒரு வருஷமோ சாப்பிட்டால் குணமாகும். அரசு ஆஸ்பத்திரியில் இலவசம். சீக்கிரம் பார்த்தால் ஊனமே வராது. 1898-ஆம் வருஷச் சட்டத்தை 2016-இல்தான் நீக்கினார்கள். இந்த நோயைக் காரணம் காட்டி விவாகரத்து கேட்கலாம் என்ற விதி 2019-இல்தான் போனது. இன்றைக்கும் நம் நாட்டில் வருஷத்துக்கு ஏறத்தாழ ஒரு லட்சம் பேருக்குப் புதிதாக வருகிறது. அவர்களில் எத்தனை பேர் சட்டைக் கையை இழுத்துவிட்டுக்கொண்டு கல்லூரியில் உட்கார்ந்திருக்கிறார்களோ!

சங்கத்துக்கு என் வேண்டுகோள் இரண்டுதான். ஒன்று, அடுத்த மலரில் வள்ளலின் வரலாற்றை எழுதும்போது அந்தச் சொல்லையும் எழுதுங்கள். அவர் பெருமை குறையாது, கூடும். கையில் இருந்ததைக் கொடுத்தார் என்று தெரியும். எந்தக் கையால் கொடுத்தார் என்பதும் பிள்ளைகளுக்குத் தெரியட்டும். இரண்டு, வருஷத்துக்கு ஒருநாள் கல்லூரியில் தோல் பரிசோதனை முகாம் நடத்துங்கள். முதல் ஆளாக வரிசையில் நிற்க நான் வருகிறேன்.

செக்காலை அறையில் டீ கொட்டியபோது அலறிய நண்பன் இதோ மூன்றாவது வரிசையில் இருக்கிறான். உன்னிடம் அன்றைக்குப் பொய் சொன்னேன்டா. டீ ஆறவில்லை. மன்னிச்சிரு.

இன்றைக்கு நான் அரைக்கைச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருப்பதை நீங்கள் கவனித்திருப்பீர்கள். இனி அந்தப் பட்டப்பெயர் எனக்குப் பொருந்தாது. வேறு ஏதாவது வைத்துக்கொள்ளுங்கள்.