சந்தேகம் சாட்சியாகாது!

(திருத்தணியில் இளைஞர்களும் வியாபாரிகளும் கலந்துகொண்ட கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

பஸ் நிலையக் கடைகளில் தொங்கும் துப்பறியும் நாவல்களை உங்களில் பலர் படித்திருப்பீர்கள். முதல் அத்தியாயத்தில் ஒரு கொலை நடக்கும். பிணத்தின் அருகே கத்தியோடு நின்ற வேலைக்காரன் மீது எல்லோரும் பாய்வார்கள். படிக்கும் நீங்கள் என்ன நினைப்பீர்கள்? "இவன் செய்திருக்க மாட்டான். உண்மையான ஆள் வேறு எங்கோ இருக்கிறான்" என்றுதானே? கடைசிப் பக்கம் வரை ஆதாரம் கேட்டுக்கொண்டே போவீர்கள்.

அதே மனிதர் மறுநாள் காலை டீக்கடையில் செய்தித்தாளை விரிக்கிறார். 'குண்டுவெடிப்பு: மூன்று பேர் சிக்கினர்' என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது. பெயர்களைப் பார்க்கிறார். "அதானே பார்த்தேன்" என்கிறார். அங்கே ஆதாரமும் இல்லை, கடைசிப் பக்கமும் இல்லை. முதல் வரியிலேயே தீர்ப்பு எழுதியாகிவிட்டது!

கற்பனைக் கதையில் வரும் ஒரு வேலைக்காரனுக்குக் கொடுத்த நியாயத்தை, உயிரும் சதையுமாக இருக்கிற, தாயும் பிள்ளைகளும் உள்ள ஒரு மனிதனுக்குக் கொடுக்க ஏன் நமக்கு மனம் வருவதில்லை? இதைத்தான் இன்று நாம் சிந்திக்க வேண்டும்.

சிலம்பும் சட்டையும்

இது இன்று நேற்று வந்த நோய் அல்ல. தமிழனின் பெருமையான சிலப்பதிகாரமே ஒரு பொய்ப்பழியின் கதைதான். பிழைப்புத் தேடி மதுரைக்கு வந்த வெளியூர்க்காரன் கோவலன். அரசியின் சிலம்பைத் திருடியவனோ அரண்மனைப் பொற்கொல்லன். தன் மேல் சந்தேகம் வருமுன் முந்திக்கொண்டு அந்த வெளியூர்க்காரனைக் காட்டிக் கொடுத்தான். மன்னன் விசாரிக்கவில்லை. கோவலன் வெட்டுப்பட்டான். அதன் பிறகு கண்ணகி வந்து சிலம்பை உடைத்த போதுதான் உள்ளே இருந்தது முத்து அல்ல, மாணிக்கம் என்று தெரிந்தது.

திருக்குர்ஆனில் நபி யூசுப் (அலை) அவர்களின் வரலாற்றைப் பாருங்கள். எஜமானனின் மனைவி அவர் மீது பழி சுமத்துகிறாள். அவரோ விலைக்கு வாங்கப்பட்ட அடிமை. அவளோ பெரிய வீட்டுப் பெண். யார் சொல் எடுபடும்? ஆனால் அங்கே ஒருவர், சட்டை எந்தப் பக்கம் கிழிந்திருக்கிறது என்று பாருங்கள் என்றார். முன்பக்கம் கிழிந்திருந்தால் அவர் மீது குற்றம். பின்பக்கம் கிழிந்திருந்தால் அவள் சொல்வது பொய். சட்டை பின்பக்கம் கிழிந்திருந்தது.

கோவலன் விஷயத்தில் ஆதாரம் தீர்ப்புக்குப் பிறகு வந்தது. யூசுப் நபி விஷயத்தில் ஆதாரம் முதலிலேயே பார்க்கப்பட்டது. அப்படியிருந்தும் பெரிய இடத்து மானத்தைக் காப்பாற்ற, குற்றமற்றவர் என்று தெரிந்தே அவரைச் சிறைக்கு அனுப்பினார்கள்! பழி என்பது எப்போதும் வலுவில்லாதவன் வீட்டைத் தேடித்தான் வருகிறது.

எல்லைக்கு அப்பால் தமிழன் பட்ட பாடு

திருத்தணிக்காரர்களுக்கு எல்லை என்றால் என்ன என்று நான் சொல்லத் தேவையில்லை. ம.பொ.சி. போன்றோர் போராடி, 1960 ஏப்ரல் 1-ஆம் தேதி இந்த ஊர் ஆந்திராவிலிருந்து தமிழ்நாட்டோடு சேர்ந்தது. இன்றும் இங்கிருந்து சற்று வடக்கே போனால் நகரி. அங்கே கடைப் பலகை தெலுங்கில் இருக்கும்.

அந்த எல்லைக்கு அப்பால் தமிழன் எப்படிப் பார்க்கப்பட்டான்? 1983-இல் குண்டூரில் பிழைக்கப் போன தமிழ் இளைஞர்கள் சிலரைச் சந்தேகத்தின் பேரில் போலீஸ் பிடித்தது. செய்யாத திருட்டை ஒப்புக்கொள் என்று லாக்கப்பில் அடித்தார்கள். அவர்களில் ஒருவர் மு.சந்திரகுமார். பிற்காலத்தில் கோவையில் ஆட்டோ ஓட்டியவர். தான் பட்டதை 'லாக்கப்' என்று நாவலாக எழுதினார். அதைத்தான் வெற்றிமாறன் 'விசாரணை' என்று படமாக எடுத்தார். 2016-இல் அது திரைக்கு வந்தபோது தமிழ்நாடே கலங்கியது. அந்த இளைஞர்கள் செய்த குற்றம் என்ன? ஏழைகள், வெளியூர்க்காரர்கள், மொழி தெரியாதவர்கள். அவ்வளவுதான்!

2015 ஏப்ரல் 7-ஆம் தேதியை மறக்க முடியுமா? திருப்பதிக்கு அருகே சேஷாசலம் காட்டில் இருபது தமிழ்த் தொழிலாளர்கள் ஆந்திரப் போலீசாரால் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். செம்மரம் வெட்ட வந்தவர்கள், தாக்கினார்கள், தற்காப்புக்காகச் சுட்டோம் என்றது போலீஸ். பஸ்ஸில் போனவர்களை இறக்கிக் கொண்டு போனார்கள் என்று தப்பியவர்கள் தேசிய மனித உரிமை ஆணையத்தில் வாக்குமூலம் கொடுத்தார்கள். மரம் வெட்டியதாகவே வைத்துக்கொள்வோம். அதற்குத் தண்டனை மரணமா? அதைக் கொடுக்க வேண்டியது நீதிமன்றமா, துப்பாக்கியா? அன்று தமிழ்நாடு முழுவதும் கொதித்தது. கொதித்தது நியாயம்.

முகத்தையும் மொழியையும் வைத்து ஒருவனைக் குற்றவாளி ஆக்குவது எவ்வளவு பெரிய கொடுமை என்று அன்று தமிழ் மக்கள் எல்லோருக்கும் புரிந்தது. தாடியையும் தொப்பியையும் பெயரையும் வைத்துக் குற்றவாளி ஆக்கும்போது மட்டும் ஏன் அது புரிவதில்லை?

வெள்ளித்திரை கற்றுக்கொடுத்த பாடம்

புரியாததற்குச் சினிமாவும் ஒரு காரணம். 1992-இல் 'ரோஜா', 2012-இல் 'துப்பாக்கி', 2013-இல் 'விஸ்வரூபம்', 2022-இல் 'பீஸ்ட்'. முப்பது ஆண்டுகளில் நாட்டில் எவ்வளவோ மாறிவிட்டது, வில்லனின் பெயர் மட்டும் மாறவில்லை. 'ஸ்லீப்பர் செல்' என்ற சொல்லைப் பட்டிதொட்டிக்கெல்லாம் கொண்டு சேர்த்ததே சினிமாதான். பக்கத்து வீட்டில் அமைதியாகக் குடியிருப்பவனே ஆபத்தானவன் என்றால், அப்புறம் யாருக்கு வாடகைக்கு வீடு கிடைக்கும்? 2021-இல் வந்த 'மாநாடு' போல, பழி எப்படி ஜோடிக்கப்படுகிறது என்று காட்டிய படங்களும் உண்டு. அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் அவை விரல் விட்டு எண்ணக்கூடியவை.

நிஜத்தில் நடந்தது என்ன?

ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். 1998 பிப்ரவரி 14 கோவைக் குண்டுவெடிப்பில் 58 உயிர்கள் போயின. அதைச் செய்தவர்கள் எந்தப் பெயர் தாங்கியவர்களாக இருந்தாலும் அது பாவம், கொடுங்குற்றம். அதற்கு முன் 1997 நவம்பரில் கோவையில் முஸ்லிம்கள் கொல்லப்பட்டார்கள் என்பதும் உண்மை. அந்த அநியாயம் இந்த அநியாயத்துக்கு அனுமதிச் சீட்டு ஆகாது. நம்மில் ஒருவன் செய்தால் மூடி மறைப்பதும், பிறர் செய்தால் முழங்குவதும் நீதி அல்ல.

ஆனால் குற்றவாளியைப் பிடிப்பது வேறு, பழி போட ஆள் பிடிப்பது வேறு. அதே கோவை வழக்கில் கேரளாவின் அப்துல் நாசர் மதனி ஒன்பது ஆண்டுகளுக்கு மேல் விசாரணைக் கைதியாகச் சிறையில் கிடந்தார். 2007 ஆகஸ்டில் குற்றமற்றவர் என்று விடுவிக்கப்பட்டார். போன ஆண்டுகளை எந்த நீதிமன்றம் திருப்பித் தரும்?

2006 ஜூலை 11 மும்பை ரயில் குண்டுவெடிப்பில் 180-க்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். பன்னிரண்டு பேருக்குத் தண்டனை. அவர்களில் ஐவருக்குத் தூக்கு. 2025 ஜூலை 21 அன்று பம்பாய் உயர் நீதிமன்றம் பன்னிரண்டு பேரையும் விடுவித்தது. அரசு உச்ச நீதிமன்றம் போனது. அந்தத் தீர்ப்பை முன்னுதாரணமாகக் கொள்ளக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஆயினும் விடுதலையானவர்கள் சிறைக்குத் திரும்ப வேண்டியதில்லை என்றும் சொன்னது. பன்னிரண்டு பேரில் ஒருவர் 2021-லேயே சிறையில் கொரோனாவில் இறந்துவிட்டார். விடுதலைச் செய்தி அவருடைய கப்ருக்குத்தான் போய்ச் சேர்ந்தது!

இதில் இன்னொரு அநியாயத்தைக் கவனியுங்கள். ரயிலில் மகனை இழந்த தாய் பத்தொன்பது ஆண்டு கழித்துக் கேட்கிறாள், "அப்படியானால் என் பிள்ளையைக் கொன்றது யார்?" பதில் இல்லை. தவறான ஆளைப் பிடித்தால் குற்றமற்றவன் மட்டும் கெடுவதில்லை. குற்றவாளி சுதந்திரமாகத் திரிகிறான், பாதிக்கப்பட்டவனுக்கும் நீதி கிடைப்பதில்லை.

ஒழுங்காக விசாரித்தால் என்ன நடக்கும்? 2008 ஜனவரி 24-இல் தென்காசியில் ஆர்.எஸ்.எஸ். அலுவலகத்தில் குண்டு வெடித்தது. யார் மீது விரல் நீளும் என்று சொல்லத் தேவையில்லை. ஆனால் தமிழகக் காவல்துறை பதறாமல் விசாரித்தது. சில நாட்களில் கைதானவர்கள் இந்து அமைப்பைச் சேர்ந்தவர்கள்! அன்று போலீஸ் அவசரப்பட்டிருந்தால் தென்காசி என்ன ஆகியிருக்கும்? நல்ல விசாரணையைப் பாராட்டவும் நாம் கற்க வேண்டும்.

நம் கை சுத்தமா?

இதுவரை பிறரைப் பற்றிப் பேசினோம். இப்போது நம்மைப் பற்றி.

2018 மே மாதம் பிள்ளை பிடிக்கும் கும்பல் வந்திருக்கிறது என்று வாட்ஸ்அப்பில் வதந்தி பரவியது. திருவண்ணாமலை மாவட்டத்தில், கோயிலுக்கு வந்த இடத்தில் குழந்தைகளுக்குச் சாக்லேட் கொடுத்த சென்னை மூதாட்டி ஒருவர் அடித்தே கொல்லப்பட்டார். நமது திருவள்ளூர் மாவட்டத்திலேயே பழவேற்காட்டில் ஆதரவற்ற ஒருவரை அடித்துக் கொன்று பாலத்தில் தொங்கவிட்டார்கள். கொன்றவர்கள் யார்? சாதாரண மக்கள். அந்த வதந்தியைப் பரப்பிய கைகள் எத்தனை? அதில் நம் கை இல்லை என்று நெஞ்சில் கை வைத்துச் சொல்ல முடியுமா?

வியாபாரிகளே! கல்லாவில் பணம் குறைந்தால் முதலில் யாரைப் பார்க்கிறீர்கள்? வேலைக்கு வந்த பீகார்ப் பையனை. கடை வாசலில் இருளர் சமூகத்துப் பெண்ணோ நரிக்குறவப் பெண்ணோ நின்றால் கை தானாகப் பெட்டியை இழுத்துக் கொள்கிறது. ஆடிக் கிருத்திகைக் கூட்டத்தில் யாரோ "திருடன்!" என்று கத்தினால், அழுக்குச் சட்டை போட்டவனைத்தான் கூட்டம் பிடிக்கும். நமக்குச் செய்தால் அது முத்திரை குத்துவது. நாம் செய்தால் அது முன்னெச்சரிக்கையா?

மதீனாவில் நடந்ததைக் கேளுங்கள். ஒரு கவசம் திருடு போனது. திருடியவன் முஸ்லிம் என்று சொல்லிக்கொண்டவன். பொருளை ஒரு யூதர் வீட்டில் வைத்துப் பழியை அவர் மீது போட்டான். அவனுடைய குலத்தார் அவனுக்காக வாதாட வந்தார்கள். அப்போது இறங்கிய வசனங்கள் (4:105-113) அந்த யூதரைக் குற்றமற்றவர் ஆக்கின என்று விரிவுரையாளர்கள் எழுதுகிறார்கள். நம் ஆள், அடுத்த ஆள் என்று நீதி பார்க்காது. இதுதான் மார்க்கம்.

என்ன செய்ய வேண்டும்?

இளைஞர்களே, உறுதி செய்யாத செய்தியை ஒருவருக்கும் அனுப்பாதீர்கள். திருக்குர்ஆன் (49:6) இதற்குத்தான் எச்சரிக்கிறது. உங்கள் பெயரில் சிம் கார்டு வாங்கி யாருக்கும் கொடுக்காதீர்கள்.

வியாபாரிகளே, பழைய செல்போனோ பழைய நகையோ வாங்கினால் விற்றவரின் முகவரிச் சான்றும் பில்லும் வையுங்கள். கடையில் திருட்டு நடந்தால் கட்டி வைத்து அடிக்காதீர்கள். புகார் எழுதிக் கொடுங்கள். கேமராப் பதிவைப் பத்திரப்படுத்துங்கள்.

கைது நடந்தால் பதற வேண்டாம், ஓடி ஒளியவும் வேண்டாம். 1996-இல் டி.கே.பாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் விதிகளைக் கொடுத்திருக்கிறது. கைதுக் குறிப்பில் சாட்சியின் கையெழுத்து வேண்டும். உறவினருக்குத் தகவல் சொல்ல வேண்டும். மருத்துவப் பரிசோதனை நடக்க வேண்டும். பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். வழக்கறிஞருக்குப் பணம் இல்லையென்றால் இலவச சட்ட உதவி உண்டு. தொலைபேசி எண் 15100. இவை முஸ்லிமுக்கு மட்டும் உள்ள உரிமைகள் அல்ல. இருளருக்கும் பீகார்ப் பையனுக்கும் உண்டு. அவர்களுக்காகக் காவல் நிலையம் போய் நிற்கும் முதல் ஆளாக நம் ஜமாஅத் இருக்கட்டும்.

சகோதரர்களே! நாளை உங்கள் கடையில் ஒரு பொருள் காணாமல் போகும். எதிரே ஓர் ஏழைப் பையன் நிற்பான். அப்போது அவன் முகத்தைப் பார்க்காதீர்கள். சட்டை எந்தப் பக்கம் கிழிந்திருக்கிறது என்று பாருங்கள்!