நடிகரும் இல்லை, கேமராவும் இல்லை



கதை, நடிகர், பாட்டு, வசனம் எல்லாவற்றையும் கழித்துவிட்டால் சினிமாவில் என்ன மிஞ்சும்? ஆஸ்திரியாவின் பீட்டர் குபெல்கா 1960-இல் இதற்கு ஒரு படமாகவே பதில் சொன்னார். ஆறரை நிமிடம் ஓடும் அந்தக் குறும்படத்தின் பெயர் 'ஆர்னுல்ஃப் ரைனர்'. அது ஓவியரான அவருடைய நண்பரின் பெயர். ஆனால் படத்தில் அவரைத் தேடாதீர்கள். அங்கே யாருமே இல்லை.

ஒளி புகும் வெற்று ஃபிலிம், ஒளி புகாத கறுப்பு ஃபிலிம், இரைச்சல், நிசப்தம். அவர் எடுத்துக்கொண்டவை இவை நான்குதான். நொடிக்கு 24 ஃபிரேம் என்ற கணக்கில், மிருதங்கக்காரர் சொற்கட்டு கோப்பதுபோல, எங்கே வெளுப்பு, எங்கே கறுப்பு என்று முன்கூட்டியே வகுத்துக் கோத்தார். திரை படபடவென்று மின்னும், சட்டென்று இருண்டுவிடும். அந்த இருட்டிலும் நம் கண்ணுக்குள் நிறங்கள் மிதக்கும். அவை ஃபிலிமில் கிடையாது, கண் தானாகப் போட்டுக்கொள்பவை. இரைச்சலும் சில இடங்களில் ஒளியோடு வருகிறது, சில இடங்களில் இருட்டோடு வருகிறது. ஒளியும் இரைச்சலும் சேர்ந்து வரும்போது இரண்டும் ஒரே வெடிப்பாகத் தோன்றுகின்றன. கதாநாயகன் ஓங்கி அறையும்போது நாம் நம்பிவிடும் 'பளார்' சத்தத்தின் சூட்சுமமும் இதுதான்.

அமெரிக்காவின் ஸ்டான் பிராகேஜ் 1963-இல் எடுத்த 'மாத்லைட்' வேறு ரகம். செத்த விட்டில்களின் இறகு, பூவிதழ், புல் ஆகியவற்றை இரண்டு ஒளி ஊடுருவும் நாடாக்களுக்கு நடுவே ஒட்டி, அதை அப்படியே ஃபிலிமில் பிரதி எடுத்தார். கேமரா தேவைப்படவில்லை. நீளமான புல் பல ஃபிரேம்களைத் தாண்டிக் கிடக்கிறது. புரொஜெக்டர் அதைத் துண்டு துண்டாகக் காட்டும்போது அது துடிக்கிறது. உயிரற்ற இறகுகள் சிறகடிக்கின்றன.

குபெல்காவின் படம் கண்ணை அலுக்க வைக்கும் என்பதை மறைக்க வேண்டாம். ஒளி மின்னினால் வலிப்பு வரக்கூடியவர்கள் அதைத் தவிர்ப்பதே நல்லது. பிராகேஜின் படத்தைக் குழந்தைகளும் ரசிப்பார்கள். ஆனாலும் என் பார்வையில் குபெல்காவினுடையதே துணிச்சலான படம். பார்க்க அழகான ஒரு பொருளைக்கூட அவர் துணைக்கு அழைக்கவில்லை.

புரியாமல் எடுத்ததெல்லாம் சோதனைப் படம் ஆகிவிடாது. சினிமாவின் ஓர் அங்கத்தைத் தனியே பிரித்தெடுத்து, அதனால் என்னவெல்லாம் செய்ய முடியும் என்று கடைசிவரை விடாமல் பார்த்திருக்க வேண்டும். இந்த இரண்டு படங்களும் அதைச் செய்திருக்கின்றன.