கடைப் பையனும் போர்வீரனும்: ப. சிங்காரத்தின் பினாங்கு
(பினாங்கின் கெலுகோரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு)



நாவலாசிரியர் ப. சிங்காரம் 1920இல் சிங்கம்புணரியில் பிறந்தார். 1938இல் பிழைப்புத் தேடிக் கப்பலேறி, கடலுக்கு அக்கரையில் இருக்கும் இந்தோனேசியாவின் மெடானில் ஒரு தமிழர் கடையில் வேலைக்கு அமர்ந்தார். அங்கேதான் மணம் முடித்தார். பேறுகாலத்தில் மனைவியையும் குழந்தையையும் பறிகொடுத்தார். ஹெமிங்வேயைப் படித்ததும் அங்கேதான். போர் முடிந்து 1946இல் ஊர் திரும்பியவர், மதுரை தினத்தந்தியில் 1987 வரை வேலை பார்த்தார். மறுமணம் இல்லை, ஒய்.எம்.சி.ஏ. விடுதி அறையே வீடு. எழுதியவை இரண்டே நாவல்கள். இரண்டிலும் பினாங்கு இருக்கிறது.

‘கடலுக்கு அப்பால்’ 1950இல் எழுதப்பட்டது. ஒன்பது ஆண்டுகள் கழித்துக் கலைமகள் போட்டியில் பரிசு பெற்ற பிறகே அச்சேறியது. 1962இல் எழுதிய ‘புயலிலே ஒரு தோணி’ நூலாக வர 1972 ஆயிற்று. பதிப்பாளர் வாசல்களில் இப்படிக் காத்துக் கிடந்தவர் மூன்றாவது நாவலுக்குக் கை வைக்கவில்லை.

முதல் நாவலை இன்று சற்று நெருங்கிப் பார்ப்போம். அதில் வரும் பினாங்கு வட்டிக்கடை உலகம் படிக்கட்டு போன்றது: பெட்டியடிப் பையன், அடுத்தாள், மேலாள், முதலாளி. ஒவ்வொரு படிக்கும் பணிவுதான் தகுதி. நாவலின் நாயகன் செல்லையா அந்தப் படியில் ஏறிக்கொண்டிருந்தவன். ஜப்பானியர் ஆட்சி வருகிறது. நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் சேர்கிறான். போர் முடிந்து கடைக்குத் திரும்பினால், முதலாளி வானாயீனா தம் மகள் மரகதத்தை அவனுக்குத் தர மறுக்கிறார். துப்பாக்கி பிடித்தவன் கணக்குப் பேரேட்டுக்கு ஆகமாட்டான் என்பது அவர் தீர்ப்பு. அவரைக் கொடியவர் என்று ஒதுக்கிவிட முடியாது. தொழில் தெரிந்தவர்; அந்தத் தொழிலின் கண்ணோடு பார்த்தால் அவர் சொல்வது சரி. போரில் நிமிர்ந்த முதுகு இனிக் கடையில் வளையாது. செல்லையாவை வீரனாக்கிய குணமே மரகதத்தை அவனிடமிருந்து பறிக்கிறது.

இரண்டாம் நாவலின் பாண்டியன் இன்னும் தூரம் போகிறவன். மெடானிலிருந்து தொங்கான் என்னும் பாய்மரத் தோணியில் புயலைக் கடந்து பினாங்குக்கு வருகிறான், இந்திய தேசிய ராணுவத்தில் சேர்கிறான், பின்னர் டச்சுக்காரரை எதிர்த்த இந்தோனேசியக் கெரில்லாக்களோடு போரிட்டு, ஊர் திரும்பாமலே மடிகிறான். அவனும் நண்பர்களும் குடித்துக்கொண்டு பேசும் பேச்சில் தமிழரின் பழம்பெருமை படாத பாடு படுகிறது.

சுதந்திரப் போரை எழுதிய பலர் தியாகத்தைப் பாடினார்கள். சிங்காரம் வரவோடு செலவையும் எழுதினார். இது கடையில் படித்த பாடம் என்பது என் கருத்து. யார் எதைப் பெற்றார், எதைக் கொடுத்தார் என்று பார்க்கும் அந்தக் கண்ணுக்கு வீரம் பொய்யில்லை. ஆனால் அதற்கும் ஒரு விலை உண்டு.

1997இல் மறைந்த சிங்காரம், தம் சேமிப்பை ஏழை மாணவர் கல்விக்கென விட்டுச் சென்றார். அந்த மனிதரின் பெயரால் இங்குள்ள மாணவர்களிடம் ஒன்று கேட்கிறேன். இரண்டு நாவல்களையும் கையில் எடுத்துக்கொண்டு பினாங்கு ஸ்ட்ரீட்டிலும் சூலியா ஸ்ட்ரீட்டிலும் நடந்து பாருங்கள். எந்தக் கிட்டங்கி (வட்டிக்கடைக் கூடம்) எங்கே இருந்தது, எந்தக் கடை என்னவாயிற்று என்று முதியவர்களைக் கேட்டு எழுதி வையுங்கள். மதுரையில் உட்கார்ந்து அவர் நினைவிலிருந்து எழுதியதை, இங்கேயே இருக்கும் நாம் சரிபார்க்காமல் விடலாமா?