இரண்டு சாவி
(கிளப் ஹவுஸில் நடந்த புத்தகக் கூட்டத்தில் பேசியது)

டி.வி.யில் மேட்ச் ஓடும் நேரத்தில் இத்தனை பேர் வந்திருக்கிறீர்கள். அதற்கே முதலில் நன்றி.

பழைய காலத்துப் புத்தகங்களையும் நூலகங்களையும் பற்றிப் பேசும்படி செயலாளர் கேட்டுக்கொண்டார். நான் பி.காம். படித்தவன், வேலை பார்த்ததெல்லாம் வங்கியில் கிளார்க்காக. எனக்குத் தெரிந்தது கடன், சாவி, இருப்புக் கணக்கு. படித்துப் பார்த்தால், ஐரோப்பாவில் அச்சுப் புத்தகம் பிறந்த கதையிலும் இந்த மூன்றும்தான் வருகின்றன. அதனால் தைரியமாக ஒப்புக்கொண்டேன்.

வங்கிக் கவுன்ட்டரில் நூல் கட்டித் தொங்கும் பேனா உங்களுக்கு ஞாபகம் இருக்கும். எங்கள் கிளையில் அதைக் கட்டியவன் நான்தான். ஐந்நூறு அறுநூறு வருடத்துக்கு முன்னால் ஐரோப்பிய நூலகங்களில் புத்தகத்தையே இப்படிக் கட்டி வைத்திருந்தார்கள், அதுவும் இரும்புச் சங்கிலியால். புத்தகம் வாசகனிடம் போகாது. வாசகன்தான் அது இருக்கும் மேஜைக்குப் போய் உட்கார்ந்து படிக்க வேண்டும். அதற்குக் காரணம் இருந்தது. தோலைப் பதப்படுத்தி, கோடு போட்டு, ஒவ்வொரு எழுத்தாகக் கையால் எழுத வேண்டும். ஒரு முழு பைபிளை ஒருவர் எழுதி முடிக்க ஒரு வருடத்துக்கு மேல் ஆகும். நகைக்கு என்ன மதிப்போ, புத்தகத்துக்கும் அந்த மதிப்பு.

இந்த நிலையை மாற்றியவர் ஜெர்மனியில் மைன்ஸ் நகரத்துக்காரர் யோஹான்னஸ் குட்டன்பெர்க். ஒவ்வொரு எழுத்தையும் தனித்தனியாக உலோகத்தில் வார்த்து, கோத்து, மை தடவி, அழுத்தி எடுத்தார். அதே எழுத்துகளைப் பிரித்து அடுத்த பக்கத்துக்கும் கோக்கலாம். ஆனால் எழுத்து வார்க்கவும், காகிதம் வாங்கவும், ஆட்களுக்குக் கூலி கொடுக்கவும் முதல் வேண்டுமே? யோஹான் ஃபுஸ்ட் என்பவர் 800 கில்டர் கடன் கொடுத்தார். வட்டி 6 சதவீதம். ஈடு, அந்தப் பணத்தில் செய்யப்போகும் கருவிகளே. எங்கள் பாஷையில் ஹைப்பாதிகேஷன். பிறகு புத்தக வேலைக்கென்று இன்னொரு 800.

அச்சடித்தது சுமார் 180 பைபிள்கள். சில தாள்களைப் பார்த்த ஒருவர் (பின்னாளில் போப் ஆனவர்), மூக்குக் கண்ணாடி இல்லாமலே படிக்கலாம், அவ்வளவு தெளிவு என்று 1455இல் கடிதம் எழுதினார். பிரதிகளுக்கெல்லாம் ஆள் கிடைத்துவிட்டதாகவும் அதில் இருக்கிறது. சரக்கு நன்றாகப் போகிறது, ஆனால் அதே வருடம் ஃபுஸ்ட் வழக்குப் போட்டார். அசலும் வட்டியும் சேர்த்து இரண்டாயிரம் கில்டருக்கு மேல் கேட்டார். வட்டி வாங்கமாட்டேன் என்று வாயால் சொன்னாரே என்பது குட்டன்பெர்க்கின் வாதம். வாய்ச்சொல்லை நம்பிக் கையெழுத்துப் போட்ட எத்தனையோ பேரை நான் கவுன்ட்டரில் பார்த்திருக்கிறேன்! தீர்ப்பு ஃபுஸ்ட் பக்கம்தான் சாய்ந்தது. 1455 நவம்பர் 6 தேதியிட்ட நோட்டரி பத்திரம் இன்றைக்கும் இருக்கிறது. 1457இல் வந்த சங்கீதப் புத்தகத்தில் ஃபுஸ்ட் பெயரும், அவருடைய கூட்டாளி ஷோஃபர் பெயரும் அச்சாகியிருக்கின்றன. குட்டன்பெர்க்கின் பெயர் போட்ட புத்தகம் ஒன்றுகூடக் கிடைத்ததில்லை.

அதன்பிறகு அச்சகம் ஊர் ஊராகப் பரவியது. வெனிஸில் ஆல்டஸ் மனுஷியஸ் 1501இல் கையில் எடுத்துப் போகிற அளவில் இலக்கியப் புத்தகம் போட்டார். அதற்காகச் செய்த சாய்ந்த எழுத்தைத்தான் நாம் கம்ப்யூட்டரில் இட்டாலிக் என்கிறோம். 1578இல் கொல்லத்தில் தமிழ் எழுத்திலேயே ‘தம்பிரான் வணக்கம்’ அச்சானது. அதில் இன்று நமக்குத் தெரிந்து மிஞ்சியிருப்பது ஒரே ஒரு பிரதி. அதுவும் அமெரிக்காவில் ஹார்வர்டில்.

அதாவது, அச்சடித்தால் மட்டும் போதாது. யாராவது பொறுப்பாக வைத்திருக்க வேண்டும். இதற்கு இரண்டு நூலகங்களைச் சொல்கிறேன்.

முதலாவது ஹங்கேரியில் இருந்தது. மத்தியாஸ் கோர்வினஸ் ராஜா புடா அரண்மனையில் பெரிய நூலகம் வைத்திருந்தார். இரண்டாயிரத்துக்கு மேல் புத்தகங்கள் இருந்திருக்கும் என்கிறார்கள். இத்தாலியிலிருந்து எழுத்தர்களையும் ஓவியர்களையும் வைத்துச் செய்வித்தவை பல. 1490இல் ராஜா இறந்தார். அவருக்கு இருந்த அக்கறை பின்னால் வந்தவர்களுக்கு இல்லை. இரவல் போனவை திரும்பவில்லை. 1526இல் துருக்கிப் படை வந்தபோது மீதியும் போனது. இன்றைக்கு மிஞ்சியவை சுமார் 200, அதுவும் பல நாட்டு நூலகங்களில் சிதறிக் கிடக்கின்றன.

இரண்டாவது இத்தாலியில் செசேனா என்ற சின்ன ஊர். அங்கே ஆண்ட மலடெஸ்டா நொவெல்லோ, பிரான்சிஸ்கன் துறவிகளின் மடத்தில் ஒரு நூலகம் கட்டினார். 1454இல் திறந்தார்கள். கோயில் மண்டபம் மாதிரி இரண்டு வரிசைத் தூண்கள், இரு பக்கமும் 29 வீதம் 58 மேஜைகள், அவற்றில் சங்கிலியில் கட்டிய புத்தகங்கள். ராஜாவுடைய நூலகத்தோடு பார்த்தால் சின்னதுதான், முந்நூற்றுச் சொச்சம் கையெழுத்துப் பிரதிகள். ஆனால் நொவெல்லோ ஒரு காரியம் செய்தார். நூலகத்தைத் தன் குடும்பத்துக்கும் வைத்துக்கொள்ளவில்லை, மடத்திடம் மட்டும் ஒப்படைக்கவும் இல்லை. ஊர் மன்றத்தின் பொறுப்பில் விட்டார். கதவுக்கு இரண்டு சாவி. ஒன்று துறவிகளிடம், ஒன்று ஊர் மன்றத்திடம்.

இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்கள் ஸ்ட்ராங் ரூமும் அப்படித்தான். கேஷியரிடம் ஒரு சாவி, ஆபீசரிடம் ஒரு சாவி. யாரையும் சந்தேகப்பட்டு அல்ல. இருவர் பொறுப்பு என்றால் கணக்கு தவறாது.

நொவெல்லோ 1465இல் வாரிசு இல்லாமல் இறந்தார். ஊர் போப்பின் ஆட்சிக்குப் போனது. அரச குடும்பம் போனாலும் நூலகம் போகவில்லை. இன்றைக்கும் அதே மண்டபம், அதே மேஜைகள், அதே சங்கிலிகள், அந்தந்த இடத்தில் அந்தந்தப் புத்தகங்கள். யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் 2005இல் சேர்த்திருக்கிறார்கள்.

இனி நம்ம கதைக்கு வருகிறேன். இந்த ஹாலின் மூலையில் இரண்டு அலமாரி இருக்கிறதே, அதை எடுத்துவிட்டு டிரெட்மில் போடலாம் என்று அடுத்த பொதுக்குழுவில் தீர்மானம் வருகிறது. யாரும் படிப்பதில்லை என்பது காரணம். உண்மைதான், பதிவேட்டில் கடந்த எட்டு மாதத்தில் மூன்றே பேர் கையெழுத்து. ஆனால் அதில் என் தவறும் இருக்கிறது. ஆரம்பத்தில் ஏழெட்டுப் புத்தகம் காணாமல் போனதும், பூட்டுப் போட்டுச் சாவியை நான் வாங்கி வைத்துக்கொண்டேன். அதற்குப் பிறகு ஒரு புத்தகம்கூடத் தொலையவில்லை, இருப்புக் கணக்கு பைசா சுத்தம். நான் பெங்களூரில் மகள் வீட்டுக்குப் போனால் சாவியும் கூடவே வந்துவிடும்.

மூன்றாவது மாடியிலிருந்து ஒரு குட்டிப் பெண் “தாத்தா, அலமாரி எப்பத் திறப்பீங்க?” என்று மூன்று தடவை வந்து கேட்டிருக்கிறாள். மூன்று தடவையும் நான் ஊரில் இல்லை. வீட்டில் இருந்தவர்களுக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. நாலாவது தடவை அவள் வரவில்லை. தொலைந்த ஏழெட்டுப் புத்தகத்தை எழுதி வைத்திருக்கிறேன். இவளை எந்தக் கணக்கில் எழுதுவது?

செசேனாவில் சங்கிலி போட்டது புத்தகம் வெளியே போகாமல் இருக்கத்தான். ஆனால் ஒவ்வொரு சங்கிலிக்கு முன்னாலும் உட்கார்ந்து படிக்க ஒரு இடமும் போட்டிருந்தார்கள். நான் பூட்டை மட்டும் போட்டேன்.

பொதுக்குழுவில் நான் வைக்கும் வேண்டுகோள் இதுதான். ஆறு மாதம் அவகாசம் கொடுங்கள். தினமும் மாலை 6 முதல் 8 வரை அலமாரி திறந்திருக்கட்டும். ஒரு சாவி அசோசியேஷன் ஆபீசில், இன்னொன்று பிள்ளைகளில் பெரியவர்கள் இரண்டு பேரிடம். வருடத்துக்கு இரண்டு முறை இருப்பை நான் சரிபார்க்கிறேன். அந்த வேலையை மட்டும் என்னிடம் விடுங்கள். ஆறு மாதத்துக்குப் பிறகும் யாரும் வரவில்லை என்றால், டிரெட்மில்லுக்கு முதல் ஓட்டு என்னுடையது.

என்னிடம் இருக்கும் சாவியை இதோ செயலாளரிடம் கொடுக்கிறேன். இரண்டாவது சாவியை யார் எடுத்துக்கொள்கிறீர்கள்? கை தூக்குங்கள் பார்க்கலாம்.