காதல் படம் பார்த்து நாம ஏன் அழறோம்?



நான் பத்தாவது வரை படித்தவள். வீட்டைப் பார்த்துக்கிட்டு இருக்கேன். எனக்குக் கொடுத்த தலைப்பு காதல் படம். தலைப்பைக் கேட்டதும் சிரிக்கிறீங்க. சிரிங்க. ஆனா நாம எல்லாருமே பார்க்கிறோம், அழறோம். "தவணை கட்டக் காசு இல்லாதப்ப கூட அழாதவ, டிவியைப் பார்த்து அழறா"ன்னு வீட்டுல கேலியும் பண்றாங்க.

'மௌன ராகம்' 1986-ல் மணிரத்னம் எடுத்த படம். ரேவதிக்கு விருப்பமில்லாம கல்யாணம் நடக்குது. டெல்லிக்குக் கூட்டிப் போன புருஷன் மோகன், உனக்கு என்ன பரிசு வேணும்னு கேட்கிறார். விவாகரத்து வேணும்ங்கிறா. அவர் கை ஓங்கல, ஊரைக் கூட்டல. ஒரு வருஷம் காத்திருக்கணும்னு சட்டம் சொல்லுது. அதுவரை ஒரே வீட்டில் மரியாதையா இருக்கார்.

அங்கே நமக்குத் தொண்டை அடைக்கிறது எதனால? 'உனக்கு என்ன வேணும்'ங்கிற அந்தக் கேள்வியாலதான். நம்மள்ல எத்தனை பேர்கிட்ட அதைக் கேட்டிருக்காங்க?

2018-ல் வந்த '96' படத்தில், பள்ளிக்கூடத்துல பழகின ராமும் ஜானுவும் பல வருஷம் கழிச்சுச் சந்திச்சு, ஒரு ராத்திரி பேசிட்டுப் பிரியறாங்க. அதுக்கு அழுதவங்க எல்லாருக்கும் பழைய காதல் இருந்துச்சுன்னு அர்த்தம் இல்லை. பத்தாவதோட நின்ன படிப்பு, கல்யாணத்தோட விட்டுப்போன சிநேகிதி, எல்லாமே ஞாபகம் வருது. நம்ம கதையைச் சொல்லி அழுதா ஆயிரம் கேள்வி வரும். படத்துக்கு அழுதா ஒரு கேள்வியும் இல்லை. மனசும் லேசாகுது.

ஆனா நம்ம பிள்ளைகளும் பக்கத்துல உட்கார்ந்து பார்க்குதுங்க. வேண்டாம்னு சொன்ன பொண்ணு பின்னாடியே பையன் சுத்துறான், கடைசியில அவ சம்மதிக்கிறா. எத்தனை படம் இப்படி! விளம்பரம் போடும் நேரத்திலாவது, "இது காதல் இல்ல, தொல்லை"ன்னு பொண்ணுக்கும் சொல்லுங்க, பையனுக்கும் கட்டாயம் சொல்லுங்க. அப்படிப் பின்தொடர்வது 2013-லிருந்து சட்டப்படி குற்றம். பெண்களுக்கு உதவி எண் 181. பதினெட்டு வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்கு 1098. ரெண்டையும் குழுவின் தீர்மான நோட்டில் எழுதி வையுங்க.

படம் பார்க்க வேண்டாம்னு நான் சொல்லல. பாருங்க, நல்லா அழுங்க. அழுது முடிச்சதும், பக்கத்துல இருக்கிற மகளைப் பார்த்து, "உனக்கு என்ன வேணும்"னு ஒரு வார்த்தை கேளுங்க. அப்படிக் கேட்ட அம்மாகிட்டதான் நாளைக்கு அவ மனசுல உள்ளதைப் பயமில்லாம சொல்லுவா.