மீசை வளர்த்த நாயகி
(நமது குடியிருப்போர் நலச் சங்கக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



பீகிங் ஓபரா மேடையில் பெரும்பாலும் ஒரு மேசையும் இரண்டு நாற்காலிகளும்தான் இருக்கும். நடிகர் கையில் குஞ்சம் கட்டிய சாட்டை இருந்தால், அவர் குதிரையில் வருகிறார் என்று நாம்தான் புரிந்துகொள்ள வேண்டும். துடுப்பு இருந்தால் படகு. முகத்தில் சிவப்புச் சாயம் என்றால் விசுவாசி. வெள்ளை என்றால் வஞ்சகன்.

1790-இல் சியன்லொங் பேரரசரின் 80-ஆவது பிறந்தநாளுக்கு அன்ஹுய் மாகாண நாடகக் குழு பெய்ஜிங் வந்தது. பிற வட்டார இசைகளும் அதோடு கலந்து உருவானதே இந்தக் கலை. நெடுங்காலம் பெண் வேடங்களையும் ஆண்களே போட்டார்கள்.

அப்படிப் புகழ்பெற்றவர் மெய் லான்ஃபாங். 1930-இல் அமெரிக்கா சென்று நடித்தவர். ஜப்பானியர் சீனாவை ஆக்கிரமித்தபோது அவர்களுக்காக நடிக்க மறுத்தார். எப்படித் தெரியுமா? மீசை வளர்த்துக்கொண்டார்! மீசையோடு நாயகி வேடம் போட முடியாதே. மேடை வருமானம் நின்றது; ஓவியம் வரைந்து விற்றார். 1945-இல் ஜப்பான் சரணடைந்த பிறகே மீசையை எடுத்துவிட்டு மேடையேறினார்.

இணையத்தில் இந்த நாடகங்கள் கிடைக்கின்றன. இந்த விடுமுறையில் பிள்ளைகளோடு உட்கார்ந்து ஒன்று பாருங்கள். சாட்டையோடு நடிகர் வந்ததும், "குதிரை எங்கே?" என்று கேளுங்கள். அவர்கள் நமக்கு முன்னால் கண்டுபிடித்துவிடுவார்கள்.